வாய்தா மேல் வாய்தா

கோர்ட்டுக்கு அலைந்த யாரிடமாவது கேட்டுப் பாருங்கள், முதலில் சொல்லும் வார்த்தை 'வாய்தா'தான். சாட்சி வரலை, வாய்தா. சம்மன் போய்ச் சேரலை, வாய்தா. ஜட்ஜ் மாறிட்டார், புது ஜட்ஜ் இன்னும் வரலை, அதுக்கும் வாய்தா. ஜாமீனில் வெளியே இருப்பவருக்கு இது அலைச்சல். ரிமாண்டில் இருப்பவருக்கோ மறுபடியும் சிறைவாசம்.

1979-ல் பீகார் சிறைகளைப் பற்றிப் பத்திரிகையில் வந்த செய்தியை வைத்து, வழக்கறிஞர் கபிலா ஹிங்கோரானி உச்சநீதிமன்றத்துக்குப் போனார். அதுதான் ஹுசைனாரா காத்தூன் வழக்கு. குற்றம் நிரூபணமாகி அதிகபட்சத் தண்டனை விதித்திருந்தால்கூட எப்போதோ வெளியே வந்திருக்க வேண்டியவர்கள், விசாரணையே தொடங்காமல் உள்ளே கிடந்தார்கள். விரைவான விசாரணை என்பது அரசியல் சட்டம் 21-வது பிரிவில் தரும் உரிமையின் ஒரு பகுதி என்று நீதிபதி பி.என்.பகவதி தீர்ப்பளித்தார். பணமில்லை, ஆளில்லை என்று அரசு சாக்குச் சொல்லக் கூடாது என்றும் சொன்னார்.

சரி, உரிமை இருக்கிறது. கீழ்க்கோர்ட்டை யார் முடுக்குவது? 227-வது பிரிவு அந்த மேற்பார்வையை உயர்நீதிமன்றத்திடம் கொடுத்திருக்கிறது. அதனால்தான் 'என் வழக்கை ஆறு மாதத்தில் முடிக்கச் சொல்லுங்கள்' என்று மனுப் போடுகிறார்கள். இதில் ஒரு சிக்கல். மேலே போக வக்கீல் வைத்தவனின் ஃபைல் முன்னால் வரும், வைக்க முடியாதவனுடையது இன்னும் பின்னால் போகும். 2024 பிப்ரவரியில் ஐந்து நீதிபதிகள் பெஞ்ச், சாதாரணமாக இப்படிக் கெடு விதிக்கக் கூடாது, எதை முதலில் எடுப்பது என்பது அந்தந்தக் கோர்ட்டுக்கே தெரியும் என்று சொன்னதன் நியாயம் இதுதான்.

எல்லா வழக்குக்கும் பொதுவாகவே காலவரம்பு போட்டால் என்ன? அதையும் செய்து பார்த்தார்கள். 1996-லும் 1998-லும் வந்த தீர்ப்புகள், இத்தனை ஆண்டுக்குள் முடியாவிட்டால் வழக்கை மூடு என்கிற அளவுக்குப் போயின. 2002-ல் ராமச்சந்திர ராவ் வழக்கில் ஏழு நீதிபதிகள் அதை ரத்து செய்தார்கள். சரியான முடிவு என்றே நினைக்கிறேன். கெடு முடிந்தால் விடுதலை என்றால், வசதியுள்ள எதிரி வாய்தா வாங்கியே தப்பித்துவிடுவான்.

ரிமாண்ட் கைதிக்கு உண்மையில் பிடிமானம் கொடுத்தது வேறொரு சட்டம். அதிகபட்சத் தண்டனையில் பாதியை விசாரணைக் கைதியாகவே கழித்தவரை ஜாமீனில் விட வேண்டும் என்று 2005-ல் திருத்தம் வந்தது. 2024 ஜூலை முதல் அமலில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 479-வது பிரிவில், முதல் தடவை வழக்கில் சிக்கியவருக்கு மூன்றில் ஒரு பங்கே போதும். மரண தண்டனை, ஆயுள் தண்டனைக்குரிய குற்றங்களுக்கு இது கிடையாது. ஒன்றுக்கு மேற்பட்ட வழக்கு நிலுவையில் இருந்தாலும் கிடையாது. இந்த நாள் கணக்கைக் கைதி போட வேண்டியதில்லை, சிறைக் கண்காணிப்பாளரே கோர்ட்டுக்கு எழுத வேண்டும். பழைய வழக்குகளுக்கும் இது பொருந்தும் என்று உச்சநீதிமன்றம் 2024 ஆகஸ்டில் உத்தரவிட்டது. ஆனாலும் ஜாமீன் கிடைத்த பிறகு கையெழுத்துப் போட ஆள் வேண்டுமே! அந்த ஆள் கிடைக்காமல், உத்தரவு வந்தும் உள்ளேயே இருப்பவர்கள் உண்டு.