வெட்டிவேர்: வரப்புக்கா, விற்பனைக்கா?

‘வெட்டிவேர் போட்டால் லாபம் வருமா?’ என்ற கேள்விக்கு ஒரே வரியில் ‘வரும்’ என்று பதில் சொல்பவர்களிடம் கொஞ்சம் எச்சரிக்கையாக இருப்பது நல்லது. மண்ணுக்குள் இருக்கும்வரை வெட்டிவேர் செய்யும் வேலை ஒன்று. தோண்டி எடுத்த பிறகு அது கொடுக்கும் காசு வேறொன்று. ஒரே தூர் இரண்டையும் கொடுக்காது. எதற்காக நடுகிறோம் என்பதை நாற்று வாங்குவதற்கு முன்பே முடிவு செய்துவிட வேண்டும். இடைவெளி, இடம், செலவு எல்லாமே அதைப் பொறுத்துத்தான் மாறும்.

புல் என்றுதான் சொல்கிறோம். ஆனால், ஆள் உயரத்துக்கு எழுந்து நிற்கும். கரும்பு, சோளம், எலுமிச்சைப்புல் எல்லாம் இதன் சொந்தக்காரர்கள்தான். ஒருமுறை நட்டால் பல ஆண்டுகள் இருக்கும். வேர் பக்கவாட்டில் ஓடாமல் நேராகக் கீழே இறங்கும். நல்ல மண்ணில் 10 அடி ஆழத்துக்கும் போகும். தென்னிந்தியாவில் பயிராகும் வகை பூத்தாலும், முளைக்கும் விதை கொடுப்பது அபூர்வம். கோரை, அருகு மாதிரி தரைக்கடியில் படர்வதும் இல்லை. அதனால் அடுத்தவர் வயலுக்குப் போய்விடுமோ என்ற பயம் வேண்டாம். வட இந்தியாவில் தானாக வளரும் வகை விதை போட்டுப் பரவும். அதை வரப்புக்குக் கொண்டுவர வேண்டாம். அழகுக்காக வளர்க்கும் உயரமான புற்களில் எல்லாமே இப்படிச் சாதுவானவை அல்ல. வெள்ளைப் பூங்கொத்துக்காக வளர்க்கப்பட்ட பாம்பாஸ் புல், நியூசிலாந்திலும் தென்னாப்பிரிக்காவிலும் ஒழிக்க வேண்டிய களையாகிவிட்டது.

முதலில் வரப்புக் கதையைப் பார்க்கலாம். 1950-களில் ஃபிஜித் தீவின் கரும்புத் தோட்டங்களில் சரிவு மண்ணைக் காக்க ஜான் கிரீன்ஃபீல்டு வெட்டிவேர் வேலியைப் பயன்படுத்தினார். 1980-களில் அவரும் ரிச்சர்ட் கிரிம்ஷாவும் உலக வங்கியின் வேலையாக இந்தியாவில் இருந்தபோது, அதே முறையை இங்கே பரப்ப முயன்றார்கள். ஆனால், கர்நாடகத்தில் குண்டலுப்பேட்டை வட்டார விவசாயிகள் வெகு காலமாகவே எல்லையில் வெட்டிவேரை வரிசையாக வைத்திருந்தார்கள். 1993-ல் அமெரிக்காவின் தேசிய ஆராய்ச்சிக் குழு இந்தப் புல்லைப் பற்றித் தனி அறிக்கையே வெளியிட்டது. நம் ஊர்ப் புல்லின் அருமையை அமெரிக்காவிலிருந்து அறிக்கை வந்த பிறகுதான் பலர் திரும்பிப் பார்த்தார்கள்.

வேலி வேலை செய்யும் விதம் எளிது. சரிவில் ஓடிவரும் மழைத்தண்ணீர், நெருக்கமான தூர்களில் மோதி வேகம் குறைகிறது. தண்ணீர் கசிந்து மெதுவாகத் தாண்டிவிடும். வண்டல் மட்டும் மேல் பக்கம் தங்கிவிடும். சில ஆண்டுகளில் அங்கே மண் படிந்து, நிலம் தானாகவே படிக்கட்டு மாதிரி மட்டமாகிவிடும். இதற்கு வரிசை சம உயரத்தில் போக வேண்டும். டியூபில் தண்ணீர் நிரப்பி, கொத்தனார் மட்டம் பார்ப்பது மாதிரி பார்த்துக் குச்சி அடித்தாலே போதும். கண் மதிப்பில் நட்டால், தாழ்வான இடத்தில் தண்ணீர் சேர்ந்து அங்கேயே உடைத்துக்கொண்டு போகும்.

நடும்போது தோகையைச் சுமார் அரை அடி விட்டும், வேரை விரல் நீளம் விட்டும் நறுக்கி, இரண்டு மூன்று சிம்புகளாக 15 சென்டிமீட்டர் இடைவெளியில் வைக்கலாம். 100 மீட்டர் வரப்புக்கு ஏறக்குறைய 670 குத்துகள் தேவைப்படும். மழை தொடங்கும் நேரத்தில் நட்டால் செலவு குறைவு. காய்ந்துபோன இடத்தை அடுத்த மழைக்குள் நிரப்பிவிட வேண்டும். வரிசையில் ஒரு ஓட்டை இருந்தாலும் தண்ணீர் முழுக்க அதைத் தேடித்தான் வரும். இளம் தூருக்கு நிழல் ஆகாது. மரத்தடியில் நட்டுவிட்டு, ‘வளரவில்லை’ என்று சொல்வதில் பயனில்லை. மூன்று நான்கு மாதத்துக்கு ஒருமுறை முழங்கால் உயரத்துக்கு அறுத்துவிட்டால் தூர் கட்டும். அறுத்த தோகை மூடாக்குக்கும் கூரைக்கும் ஆகும். இளந்தோகையை மாடு தின்னும்.

விற்பனைக்கு என்றால் கணக்கே வேறு. இதற்கு மணல் அல்லது மணல் கலந்த மண் வேண்டும். கடலூர் மாவட்டத்தின் கடலோரத்தில் நொச்சிக்காடு, தியாகவல்லி பக்கம் மணல் நிலத்தில் வெட்டிவேர் சாகுபடி நடப்பதற்கு அதுதான் காரணம். களிமண்ணில் வேர் இறங்கும். ஆனால் முழுசாக வெளியே வராது. லக்னோவில் உள்ள மத்திய மருந்து மற்றும் நறுமணப் பயிர்கள் ஆராய்ச்சி நிறுவனம் தரணி, குலாபி, கேசரி, சிம்-விருத்தி போன்ற ரகங்களை வெளியிட்டிருக்கிறது. 12 முதல் 18 மாதத்தில் அறுவடை செய்யலாம். அவசரப்பட்டுத் தோண்டினால் எண்ணெயும் குறைவு, தரமும் குறைவு.

இந்தப் பயிரில் கையைக் கடிப்பது அறுவடைக் கூலிதான். 60-க்கு 45 சென்டிமீட்டர் இடைவெளி என்றால் ஏக்கருக்குச் சுமார் 15,000 தூர். ஒரு ஆள் ஒரு நாளில் 100 தூர் தோண்டி, மண் உதறி வைத்தால்கூட 150 ஆள் கூலி. பிறகு கழுவ வேண்டும், நிழலில் உலர்த்த வேண்டும். 100 கிலோ காய்ந்த வேரில் ஒரு கிலோ எண்ணெய் தேறினாலே நல்லது. அதையும் ஒரு நாளுக்குக் குறையாமல் வாலையில் ஆவி கொடுத்துத்தான் எடுக்க முடியும். எண்ணெய் கிலோ விலையைக் காட்டி யாராவது லாபம் சொன்னால், இந்த இரண்டு கணக்கையும் பக்கத்தில் எழுதிப் பார்க்க வேண்டும்.

மாலை கட்டுபவர்களுக்கு நீளமான, அறுபடாத வேர் வேண்டும். கூலருக்கும் தட்டிக்கும் வாங்குபவர்கள் அவ்வளவு பார்ப்பதில்லை. விலையும் அதற்கேற்ப இருக்கும். கழுவியா, கழுவாமலா, எந்த அளவு காய்ந்திருக்க வேண்டும், தோண்டும் கூலி யாருடையது என்பதையெல்லாம் வாங்குபவரிடம் முன்கூட்டியே எழுதி வாங்கிக்கொள்வது நல்லது. ‘நாற்றை எங்களிடம் வாங்குங்கள், வேரை நாங்களே எடுத்துக்கொள்கிறோம்’ என்று வருபவர்களிடம், ஏற்கெனவே வேர் விற்றவர்கள் இரண்டு பேரை நேரில் காட்டச் சொல்ல வேண்டும். புதிதாக இறங்குபவர்களுக்கு முதல் ஆண்டு 5 சென்ட் போதும். சிம்பு பிரித்தால் அடுத்த ஆண்டுக்கான நாற்று அதிலேயே கிடைத்துவிடும். தோண்டும் கூலி எவ்வளவு என்பதும் சொந்தக் கணக்கில் தெரிந்துவிடும்.

வரப்பில் வைத்ததைக் காசுக்காகத் தோண்டினால் என்ன ஆகும் என்பதற்கு ஹைட்டி நாடு கண்முன் இருக்கிறது. உலக வெட்டிவேர் எண்ணெயில் பெரும்பங்கு அங்கிருந்துதான் வருகிறது. கையில் காசில்லாத குடும்பங்கள் முதிரும் முன்பே மலைச்சரிவில் வேரைத் தோண்டிவிடுகின்றன. இளிகிய மண்ணை அடுத்த மழை கொண்டுபோய்விடுகிறது. இந்தோனேசியாவின் ஜாவா தீவில் கரூட் பகுதி மலைகளிலும் இதே சிக்கல்தான். புல்லின் மேல் குற்றம் இல்லை. மண்ணைப் பிடித்திருந்த வேரே விற்பனைச் சரக்கானதுதான் சிக்கல். அதனால் சரிவில், ஓடைக்கரையில், பண்ணைக்குட்டைக் கரையில் நடுவது தோண்டுவதற்கு அல்ல என்று வீட்டில் எல்லோருக்கும் சொல்லி வைக்க வேண்டும். விற்பனைக்கானது தனியாகச் சமமான நிலத்தில் இருக்கட்டும்.

நிலமே இல்லாதவர்களும், கொஞ்சம் வேர் மட்டும் தேவைப்படுபவர்களும் சாக்கில் வளர்க்கலாம். பழைய சிமென்ட் சாக்கில் மூன்று பங்கு மணல், ஒரு பங்கு மக்கிய எரு நிரப்பி, வெயில் படும் இடத்தில் வைத்து, சாக்குக்கு ஒரு குத்து நட வேண்டும். கீழே நான்கைந்து ஓட்டை அவசியம். சாக்கைத் தரையில் நேராக வைத்தால் வேர் ஓட்டை வழியாக மண்ணுக்குள் இறங்கிவிடும். கல் அடுக்கி அதன்மேல் வைப்பது நல்லது. ஓராண்டு கழித்துச் சாக்கைக் கிழித்துத் தண்ணீர் பாய்ச்சினால் மண் கரைந்து, கடப்பாரை இல்லாமலே வேர் முழுசாகக் கைக்கு வரும்.