சிறைக்குப் போனாலும் தீராத செக் பாக்கி

செக் வழக்கில் தண்டனை பெற்ற பலர் மனதுக்குள் ஒரு கணக்குப் போட்டு வைத்திருக்கிறார்கள். இழப்பீட்டைக் கட்டாவிட்டால் கூடுதலாகச் சில மாதம் சிறையில் இருக்க வேண்டும், இருந்துவிட்டு வந்தால் பாக்கி தீர்ந்தது என்பது அந்தக் கணக்கு. அது தவறு. அதை நம்பியவர்கள் சிறைக்கும் போய், வீட்டையும் ஜப்தியில் இழக்கக்கூடும்.

காசோலை திரும்பினால் செலாவணி முறிச் சட்டத்தின் 138-வது பிரிவு பாயும். இரண்டு ஆண்டு வரை சிறை, காசோலைத் தொகையைப் போல இரு மடங்கு வரை அபராதம், அல்லது இரண்டும் விதிக்கலாம். பணம் கொடுத்து ஏமாந்தவருக்கு உரிய தொகை இரண்டு வழிகளில் போய்ச் சேரும். அபராதம் விதித்து, அதிலிருந்து எடுத்துத் தரச் சொல்வது ஒரு வழி. அபராதமே இல்லாமல் நேரடியாக இழப்பீடு கட்டச் சொல்வது மற்றொன்று. இதற்கு உச்சவரம்பு கிடையாது. முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 357-வது பிரிவில் இருந்த இந்த அதிகாரம், 2024 ஜூலை முதல் பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதாவின் 395-வது பிரிவில் இருக்கிறது. காசோலைத் தொகையோடு ஆண்டுக்கு 9 சதவீத வட்டியும் புகார்தாரருக்குக் கிடைக்கும்படி அபராதம் விதிக்கலாம் என்று 2011-ல் ஆர்.விஜயன் வழக்கில் உச்ச நீதிமன்றம் யோசனை சொன்னது. கடன் கொடுத்தவர் ஆண்டுக்கணக்கில் படியேறும்போது வட்டியாவது கிடைப்பதுதான் நியாயம்.

கட்டத் தவறினால் சிறை என்ற நிபந்தனையை இழப்பீட்டு உத்தரவோடும் சேர்க்கலாம். அந்தச் சிறைக்காலம் பணத்துக்கு ஈடாகாது. 2017-ல் குமரன் எதிர் கேரள அரசு வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது: சிறைவாசத்தை முழுதாக அனுபவித்து முடித்தாலும் இழப்பீட்டை வசூலிக்கலாம். அபராதத்தை வசூலிக்கும் முறையே இதற்கும் பொருந்தும். அசையும் சொத்தை ஜப்தி செய்து விற்க நீதிமன்றம் வாரண்ட் பிறப்பிக்கலாம். அல்லது நில வருவாய் பாக்கியைப் போல வசூலிக்கும்படி கலெக்டருக்கு உத்தரவிடலாம்; அப்போது வீடு, மனை, நிலம் எல்லாமே வசூலுக்கு உட்படும்.

மேல்முறையீட்டுக்கு அமர்வு நீதிமன்றத்தை 30 நாளுக்குள் அணுக வேண்டும். செலாவணி முறிச் சட்டத்தில் 2018 திருத்தத்தில் வந்த 148-வது பிரிவின்படி, விசாரணை நீதிமன்றம் விதித்த அபராதம் அல்லது இழப்பீட்டில் குறைந்தது 20 சதவீதத்தைக் கட்ட அமர்வு நீதிமன்றம் சொல்லலாம். இழப்பீடு 5 லட்சம் ரூபாய் என்றால் குறைந்தது 1 லட்சம். கெடு 60 நாள். தகுந்த காரணம் இருந்தால் மேலும் 30 நாள். வழக்கு நடக்கும்போதே கட்டிய இடைக்கால இழப்பீடு இதில் கழியாது. இந்த 20 சதவீதம் எல்லா வழக்கிலும் கட்டாயம் அல்ல, விதிவிலக்கான சூழலில் விலக்கு தரலாம் என்று 2023-ல் ஜம்பூ பண்டாரி வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. நிஜமாகவே வழியில்லாதவர் அதைக் காரணத்தோடு மனுவில் சொல்லிக் கேட்பது நல்லது. விடுதலையாகிவிட்டால், புகார்தாரர் பெற்றுக்கொண்ட அந்தத் தொகையை வட்டியோடு திருப்பித் தர நீதிமன்றம் உத்தரவிடும்.

மொத்தமாகக் கட்ட முடியாதவர் அவகாசமோ தவணையோ கேட்டு மனுப் போடலாம். மேல்முறையீட்டுக் கட்டத்திலும் சமரசத்துக்கு அதே சட்டத்தின் 147-வது பிரிவு இடம் தருகிறது. சமரசம் பதிவானால் தண்டனையும் நீங்கும்.

பணம் தரும் முறையில்தான் பலர் சறுக்குகிறார்கள். வெளியில் ரொக்கமாகக் கொடுத்துவிட்டு, ரசீது இல்லாமல் பிறகு தவிக்கிறார்கள். நீதிமன்றத்திலேயே செலுத்துங்கள், அல்லது வங்கி வழியாகக் கொடுத்து, பெற்றுக்கொண்டதாக இரு தரப்பும் சேர்ந்து மனுத் தாக்கல் செய்யுங்கள். புகார்தாரர்களும் தீர்ப்பு வந்ததோடு ஓய்ந்துவிடக் கூடாது. பணம் வராவிட்டால் வசூல் வாரண்ட் கேட்டு அதே நீதிமன்றத்தில் மனுப் போடுங்கள்.