ஊரோடு வாழ்ந்த காமிரா

ஒரு ஜனசமூகத்தின் வாழ்வைப் படம் பிடிக்கச் செல்கிறவன் அந்த ஜனங்களுக்கு என்ன கடமைப்பட்டிருக்கிறான்? கைக்கருவி ஒன்றைக் கொண்டு எவரும் எவரையும் படம் பிடித்து உலகெங்கும் பரப்பிவிடக்கூடிய இக்காலத்தில், இக்கேள்வி சினிமாக்காரரை மட்டும் பொறுத்ததன்று. பொதுஜன ஊழியத்தில் இறங்கியோர் யாவரும் இதை ஆலோசிக்க வேண்டும்.

ஜப்பானில் ஒரு கூட்டத்தார் இதற்குத் தங்கள் வாழ்க்கையினாலேயே விடை பகர்ந்தனர். 1966-ஆம் வருஷத்தில் அந்நாட்டுச் சர்க்கார், டோக்கியோவுக்கென்று ஒரு புதிய விமான நிலையம் அமைக்க நரிதாவை அடுத்த ஸன்ரிஸுகா பிரதேசத்தைத் தேர்ந்தெடுத்தது. அங்கு உழுது வாழ்ந்த குடியானவர்களின் சம்மதத்தை அது கோரவில்லை. அவர்கள் கிளர்ந்தெழுந்தனர். 1968-இல் ஷின்ஸுகே ஒகாவா என்ற டைரக்டர் தமது சகாக்களுடன் அங்கே சென்று, குடியானவர்களிடையே தங்கிப் படமெடுக்கத் தொடங்கினார். 1971-இல் நிலங்கள் பலவந்தமாகக் கைப்பற்றப்பட்டபோது, மக்கள் மரங்களில் தங்களைச் சங்கிலியால் பிணைத்துக் கொண்டனர். பூமிக்கடியில் சுரங்கம் தோண்டி அதில் இருந்து எதிர்த்தனர். ஒகாவாவின் காமிரா அவர்கள் பக்கத்திலேயே நின்றது. ஆனால் 1973-இல் வெளிவந்த ஹெட்டா கிராமத்தைப் பற்றிய படத்தில் கைகலப்பைவிட ஊராரின் பேச்சே மிகுதி. பல வருஷம் கூட இருந்தவனிடமன்றி வேறெவரிடமும் அவர்கள் அவ்விதம் மனந்திறந்து பேசியிருக்க மாட்டார்கள்.

பின்னர் இக்கூட்டத்தார் யமகாட்டா மாகாணத்தில் மகினோ என்னும் கிராமத்தில் குடியேறினர். வயல் பெற்றுத் தாங்களே நெல் பயிரிட்டனர். பயிரின் கஷ்டத்தை அறியாதவன் உழவனைப் படமெடுக்க இயலாதென்பது அவர்கள் கொள்கை. அங்கு எடுத்த படத்தில் கிராமத்தார் தங்கள் பழங்கதைகளைத் தாங்களே நடித்துக் காட்டினர்.

உடன் வாழ்ந்தால் மட்டும் போதுமா எனின், போதாது. 1922-இல் வெளியான 'நானூக்' படத்தை எடுத்த ராபர்ட் பிளாஹர்ட்டியும் வடதுருவத்துக் குளிரில் இன்யூட் மக்களுடன் நெடுங்காலம் தங்கியவரே. அவர்களும் மனமுவந்து ஒத்துழைத்தார்கள். எனினும் துப்பாக்கியை உபயோகித்து வந்த அவர்களைப் பழைய ஈட்டியைக் கொண்டு வேட்டையாடச் செய்து, அதையே அவர்களது அன்றாட வாழ்வாக உலகுக்குக் காட்டினார். வெளியார் விரும்பிய புராதன மனிதன் கிடைத்தான். அன்று வாழ்ந்த மனிதன் மறைந்தான்.

ஒரு தரப்பில் நின்று எடுத்த படம் பக்ஷபாதமுடையதன்றோ என்று சிலர் ஆக்ஷேபிப்பர். நியாயஸ்தலத்தில் உறவினனின் சாட்சியத்தை உறவு என்ற ஒரே காரணத்தால் தள்ளிவிடுவதில்லை. ஜாக்கிரதையாக எடை போடுகின்றனர். ஒகாவா தாம் நின்ற இடத்தை மறைக்கவில்லை. நிற்குமிடத்தை ஒளித்துக்கொண்டு நடுநிலைமை பேசுகிறவனே அதிக அபாயமானவன் என்பது நமது அபிப்பிராயம்.

விமான நிலையம் 1978-இல் திறக்கப்பட்டது. குடியானவர்களால் அதைத் தடுக்க முடியவில்லை. ஆயினும் அவர்கள் தரப்பு வாக்குமூலம் அப்படங்களில் இன்றும் அழியாது நிற்கிறது.

ஆகையால், காமிராவுடன் ஊருக்குள் நுழையும் நண்பர்களுக்கு நாம் கூறுவது இதுவே: முதலில் அங்கே தங்குங்கள், அவர்கள் வேலையில் தோள் கொடுங்கள், எடுத்த படத்தை ஊராருக்கு முதலில் காட்டி, அவர்கள் சொல்லும் குறையைக் கேளுங்கள். அதற்கு அவகாசமில்லாதவர்கள் படமெடுக்காதிருப்பதே மரியாதை.