அலையில் போன கேமரா

கீழ்வேளூர்ப் பக்கத்து நேயர்களுக்கு ஆவணப்படம் என்றதும் கீழ்வெண்மணிப் படுகொலையைப் பற்றிப் பாரதி கிருஷ்ணகுமார் எடுத்த ‘ராமையாவின் குடிசை’ நினைவுக்கு வரலாம். அதில் ஊர் பேசும், சாட்சிகள் பேசுவார்கள். படம் எடுப்பவரே தன்னைக் கேள்வி கேட்டுக்கொள்ளும் படங்களும் உண்டு. அந்த வழியில் போனவர் ஆர்.வி. ரமணி. புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்தவர்.

2004 டிசம்பர் 26. நாகை மாவட்டத்தில் மட்டும் 6,000-க்கும் மேற்பட்டோரைக் கடல் கொண்டுபோன நாள். அன்று வேறொரு கரையில் ரமணி படம் பிடித்துக்கொண்டிருந்தார். அலை வந்தது. அவர் பிழைத்தார், கேமரா பிழைக்கவில்லை. அந்தக் கேமராவைப் பற்றியே 2011-இல் ‘மை கேமரா அண்ட் சுனாமி’ என்று ஒரு படம் எடுத்தார். இத்தனை சாவுக்கு நடுவே ஒரு கருவிக்காகத் துக்கமா என்று கேட்கத் தோன்றும். நியாயமான கேள்விதான். ஆனால் அடுத்தவர் துயரத்தைக் காட்டிக் கண்ணீர் வரவழைப்பதைவிட, ‘நான் ஏன் படம் எடுக்கிறேன்’ என்று தன்னைக் கேட்டுக்கொள்வது நாணயமானது.

தோல்பாவைக் கலைஞர்களைத் தேடிப்போன படத்துக்கு ரமணி வைத்த பெயர் ‘நீ எங்கே’. எழுத்தாளர் சுந்தர ராமசாமியைப் பற்றிய படம் ‘நீ யார்’. தலைப்புகளே கேள்விகள்! பின்னர் ‘ஓ தட்ஸ் பானு’ படத்துக்காக, 68-ஆவது தேசியத் திரைப்பட விருதுகளில் கதைசாராப் படப் பிரிவின் சிறந்த இயக்குநர் விருது அவருக்குக் கிடைத்தது.