சூட்டுக் கட்டியா, தொத்துக் கட்டியா?

"தொடையில கட்டி வந்திருக்கு. எல்லாம் மாம்பழம் தின்ன சூடு." இப்படிச் சொல்லாத வீடு நம்மில் உண்டா? துரியான் காலத்தில் வந்தால் துரியான் மேல் பழி. வெயில் நாளில் வந்தால் வெயில் மேல் பழி. சுங்கை சிப்புட் பக்கமானாலும் சரி, பாகான் டத்தோ பக்கமானாலும் சரி, பேச்சு ஒன்றுதான். இளநீர் குடிப்பதும் எண்ணெய் தேய்த்துக் குளிப்பதும் நல்ல பழக்கந்தான், யாரும் வேண்டாமென்று சொல்லவில்லை. ஆனால் அந்தக் கட்டி சூட்டினால் வந்ததல்ல. அது ஒரு கிருமியின் வேலை. கிருமி என்றால் ஓர் ஆளிடமிருந்து இன்னோர் ஆளுக்குப் போகும். இது தெரியாததால்தான் அப்பாவுக்கு ஆறியதும் மகனுக்கு, மகனுக்கு ஆறியதும் கைக்குழந்தைக்கு என்று கட்டி வீட்டுக்குள்ளேயே சுற்றுகிறது.

அந்தக் கிருமியின் பெயர் ஸ்டெஃபிலோகாக்கஸ். நாக்கைச் சுளுக்கும் பெயர்! ஸ்காட்லாந்துக்காரரான அலெக்சாண்டர் ஆக்ஸ்டன் என்ற அறுவை மருத்துவர், கட்டிகளிலிருந்து எடுத்த சீழை மைக்ராஸ்கோப்பில் வைத்துப் பார்த்தார். உருண்டை உருண்டையான கிருமிகள் குலை குலையாகத் தெரிந்தன. திராட்சைக் குலையைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லைக் கொண்டு 1882இல் இந்தப் பெயரை வைத்தார். நம்ம ஆளாயிருந்தால் செம்பனைக் குலை என்று வைத்திருப்பார்.

இது எங்கிருந்தோ பறந்து வருவதில்லை. ஏறக்குறைய 10 பேரில் 3 பேருக்கு மூக்கின் உள்ளேயே குடியிருக்கிறது. அக்குளிலும் தொடை இடுக்கிலும்கூட இருக்கும். தோல் முழுசாக இருக்கும்வரை பெரும்பாலும் தொந்தரவு தராது. தோல் கிழிந்தால் உள்ளே நுழைந்துவிடும். நம் வேலையில் தோல் கிழியாத நாள் ஏது? செம்பனை முள் குத்துகிறது, பால் வெட்டும் கத்தி விரலைப் பதம் பார்க்கிறது, பூட்ஸ் குதிகாலை உரசுகிறது. கொசுக்கடியையும் அட்டைக்கடியையும் இரவெல்லாம் சொறிகிறோம். அழுக்கு நகம் ஒன்று போதும்.

ஒரு வீட்டைக் கற்பனை செய்து பாருங்கள். குலை வெட்டும் அப்பாவுக்கு முழங்காலில் முள் குத்திக் கட்டியாகிவிட்டது. பழுத்ததும் இரண்டு கட்டை விரலாலும் பிதுக்குகிறார். சீழைக் கைலியிலே துடைக்கிறார். கையைத் தண்ணீரில் சும்மா அலசிவிட்டுக் குளியலறையில் தொங்கும் துவாலையில் துடைக்கிறார். அதே துவாலையால் பள்ளிக்குப் போகும் பையன் முகம் துடைக்கிறான். நாலாம் நாள் அவன் மூக்கடியில் தேன் காய்ந்தது போன்ற மஞ்சள் பொருக்கு. அவன் தங்கச்சிப் பாப்பாவைத் தூக்கிக் கொஞ்சுகிறான். அடுத்தது பாப்பாவின் கழுத்து மடிப்பில் கொப்புளம். இதற்குள் அம்மா மூன்று தடவை இளநீர் வாங்கிவிட்டார். துவாலையை மட்டும் யாரும் மாற்றவில்லை.

ஆகவே செய்ய வேண்டியது இதுதான். கட்டியைப் பிதுக்காதீர்கள். பிதுக்கினால் சீழ் வெளியே வருவது போலவே உள்ளேயும் போகும். பொறுக்கக்கூடிய வெந்நீரில் சுத்தமான துணியை நனைத்து, ஒரு நாளைக்கு மூன்று நான்கு தடவை, பத்துப் பதினைந்து நிமிடம் ஒத்தடம் கொடுங்கள். தானாக உடைந்தால் சவர்க்காரம் போட்டுக் கழுவி, சுத்தமான துணிக் கட்டால் மூடுங்கள். "காத்துப் பட்டாத்தான் ஆறும்" என்று திறந்து போடுவது ஊருக்கே பங்கு வைப்பதாகும். கட்டைத் தொட்ட கையை உடனே சவர்க்காரத்தால் கழுவ வேண்டும். அந்த ஆளுக்குத் துவாலை, பிளேடு, தலையணை உறை எல்லாம் தனி. துணிகளை வெந்நீரில் துவைத்து நல்ல வெயிலில் காயப்போடுங்கள். வெயில் நமக்கு இலவசமாகக் கிடைக்கிறது.

சமையற்கட்டுக்கும் இதில் சம்பந்தம் உண்டு. கோயில் திருவிழாப் பந்திக்குச் சமைப்பவர் கையில் சீழ்க்கட்டி இருந்தால் கிருமி சோற்றில் இறங்கும். அந்தச் சோறு மூடிவைத்த அண்டாவில் வெதுவெதுப்பாக மணிக்கணக்கில் கிடந்தால் கிருமி பெருகி நஞ்சைக் கக்கும். மறுபடி கொதிக்க வைத்தால் கிருமி சாகும், நஞ்சு போகாது. சாப்பிட்டவர்களுக்குச் சில மணி நேரத்தில் வாந்தி, வயிற்றுப்போக்கு. கையில் கட்டி உள்ளவர் அன்றைக்குப் பந்தல் வேலையைப் பார்க்கட்டும், கரண்டியை வேறு ஆளிடம் கொடுக்கட்டும். கோபித்துக்கொள்ள இதில் ஒன்றுமில்லை.

மருந்து விஷயத்துக்கு வருவோம். அந்தக் காலத் தோட்ட மருந்துக்கூடத்தில் டிரஸர் ஊதா மருந்து பூசி அனுப்புவார். பள்ளிக்கூடத்தில் பாதிப் பிள்ளைகள் ஊதாப் புள்ளியோடு உட்கார்ந்திருப்பார்கள். சிரிக்க வேண்டாம், அந்த ஊதா மருந்துக்கும் இந்தக் கிருமியைக் கொல்லும் சக்தி உண்டு. பெனிசிலின் கண்டுபிடிக்கப்பட்டதும் இந்தக் கிருமியால்தான். 1928இல் லண்டனில் அலெக்சாண்டர் ஃபிளெமிங் வளர்த்துவைத்த ஸ்டெஃபிலோகாக்கஸ் தட்டில் பூஞ்சணம் விழுந்தது. அதைச் சுற்றியிருந்த கிருமிகள் கரைந்துபோயின. ஆனால் கிருமியும் சும்மா இருக்கவில்லை. சில ஆண்டுகளிலேயே பெனிசிலினை எதிர்க்கக் கற்றுக்கொண்டது. அதற்கு மாற்றாக மெத்திசிலின் வந்தது. 1961இலேயே அதற்கும் அடங்காத வகை இங்கிலாந்தில் தலைகாட்டியது. எம்.ஆர்.எஸ்.ஏ. என்கிற அந்த வகை இன்று நம் நாட்டு மருத்துவமனைகளிலும் உண்டு. அதனால்தான் பக்கத்து வீட்டில் மிச்சமிருந்த மாத்திரையை வாங்கி இரண்டு நாள் முழுங்குவது ஆபத்து. டாக்டர் 7 நாளுக்குக் கொடுத்தால் 7 நாளும் சாப்பிட வேண்டும். பல கட்டிகளுக்கு மாத்திரையைவிட, டாக்டர் முறையாகக் கீறிச் சீழை எடுப்பதே வைத்தியம். வீட்டில் பிளேடால் கீறுவது வைத்தியமாகாது.

எப்போது தாமதிக்கக் கூடாது? காய்ச்சலும் நடுக்கமும் வந்தால், கட்டியிலிருந்து சிவப்புக் கோடு மேலே ஏறினால், வீக்கம் மளமளவென்று பரவினால் அன்றைக்கே போங்கள். மூக்கிலோ மேலுதட்டிலோ வந்த கட்டியைத் தொடவே வேண்டாம், அங்கிருந்து கிருமி மூளைப் பக்கம் போக வழி உண்டு. பச்சைக் குழந்தையின் தொப்புள் சிவந்தாலும், பிள்ளை காய்ச்சலோடு கால் எலும்பு வலிக்கிறது என்று அழுதாலும், பால் கொடுக்கும் தாய்க்கு மார்பு சிவந்து காய்ச்சல் கண்டாலும் அப்படியே. இரத்தத்தில் ஏறிவிட்டால் இந்தக் கிருமி உயிரையே கேட்கும். இனிப்பு நீர் உள்ளவர்கள் சின்னப் புண்ணையும் சின்னதாக நினைக்கக் கூடாது. நம் நாட்டில் இனிப்பு நீர் அதிகம் காணப்படுவது இந்தியரிடையேதான். கட்டி திரும்பத் திரும்ப வருகிறதென்றால் இரத்தத்தில் சர்க்கரையைச் சோதித்துப் பாருங்கள். அரசாங்கக் கிளினிக்கில் குடிமக்களுக்கு 1 வெள்ளிதான். பெரிய வைத்தியம் தேவைப்பட்டால் அங்கிருந்தே ஈப்போ பெரிய ஆஸ்பத்திரிக்கு எழுதிக் கொடுப்பார்கள்.

"கிளினிக்குக்குப் போனா ஒரு நாள் சம்பளம் போச்சே" என்று சிலர் கட்டியோடு காட்டுக்குப் போகிறார்கள். போக வேண்டியதில்லை. 1955ஆம் ஆண்டு வேலைச் சட்டப்படி சம்பளத்தோடு கூடிய நோய் விடுப்பு உண்டு. வேலையில் சேர்ந்து 2 ஆண்டு ஆகாதவருக்கு ஆண்டுக்கு 14 நாள், 2 ஆண்டிலிருந்து 5 ஆண்டுக்குள் 18 நாள், 5 ஆண்டும் அதற்கு மேலும் ஆனவருக்கு 22 நாள். ஆஸ்பத்திரியில் படுக்க நேர்ந்தால் 60 நாள்வரை. வெளிநாட்டிலிருந்து வந்து நம்மோடு வேலை செய்பவருக்கும் இதே சட்டந்தான், அவர்களிடமும் சொல்லிவையுங்கள். நிர்வாகம் குறித்த டாக்டரிடம் காட்டி எம்.சி. வாங்குங்கள். அவர் கிடைக்காவிட்டால் வேறு டாக்டரின் எம்.சி.யும் செல்லும். விடுப்புத் தொடங்கி 48 மணி நேரத்துக்குள் மண்டோரிடமோ அலுவலகத்திலோ தெரிவித்துவிட வேண்டும், இதை மறந்தவர்களுக்குத்தான் பெரும்பாலும் தகராறு வருகிறது. அப்படியும் சம்பளத்தைப் பிடித்தால், எம்.சி.யின் நகலையும் சம்பளச் சீட்டையும் எடுத்துக்கொண்டு கிளைச் செயலாளரைப் பாருங்கள்.