சட்டசபையிலிருந்து நீதிமன்றத்துக்கு

சென்ற மாதம் சங்கக் கூட்டம் முடிந்து காபி குடித்துக்கொண்டிருந்தோம். சட்டம் படிக்கும் பையன் ஒருவன், "மாமா, எம்.எல்.ஏ.வாக இருந்தவர் நீதிபதியானால் கட்சிப் பக்கம் சாயமாட்டாரா?" என்று கேட்டான். நியாயமான கேள்விதான். பதிலாக எங்கள் ஊர்ப் பெரியவர் ஒருவரின் கதையைச் சொன்னேன். அதையே இங்கே எழுதுகிறேன்.

பாலக்காட்டில் கல்பாத்தியைப் போலவே வைத்தியநாதபுரமும் தமிழ் அக்ரஹாரம். முதல் உலகப் போர்க் காலத்தில் அங்கே பிறந்தவர் வி.ஆர். கிருஷ்ணய்யர். தகப்பனார் ராமய்யர் வக்கீல். பாலக்காடு விக்டோரியா கல்லூரி, அண்ணாமலைப் பல்கலைக்கழகம், சென்னை சட்டக் கல்லூரி என்று படித்து, தலச்சேரியில் வக்கீல் தொழில் தொடங்கினார். குடியானவர்களுக்காகவும் தொழிலாளர்களுக்காகவும் வாதாடினார். 1948இல் போலீஸ் சித்திரவதையைக் கண்டித்ததன் பலனாக ஒரு மாதம் சிறையில் இருக்க நேர்ந்தது.

1952இல் கூத்துபரம்பிலிருந்து சென்னை சட்டசபைக்குச் சுயேச்சையாகத் தேர்வானார். கேரள மாநிலம் உருவானபின் 1957இல் தலச்சேரியில் வென்று, இ.எம்.எஸ். மந்திரிசபையில் சட்டம், உள்துறை, சிறை, மின்சாரம், நீர்ப்பாசனம் முதலிய இலாகாக்களை வகித்தார். 1959இல் மந்திரிசபை கலைக்கப்பட்டது. பிறகு மீண்டும் கறுப்பு அங்கி.

பத்தாண்டு ஐகோர்ட் வக்கீலாக இருந்தவர் நீதிபதியாகலாம் என்பது அரசியல் சட்டம். முன்பு சட்டசபையில் இருந்தது அதற்குத் தடையல்ல. 1968இல் கேரள உயர் நீதிமன்ற நீதிபதியானார். 1973இல் உச்ச நீதிமன்றத்துக்குப் போகும்போதுதான் எதிர்ப்பு வந்தது. கம்யூனிஸ்டு மந்திரிசபையில் இருந்தவர் எப்படி நடுநிலை காப்பார் என்று பம்பாய் வக்கீல்கள் சிலர் ஆட்சேபித்தனர். அந்தப் பையன் கேட்ட அதே கேள்வி!

பரீட்சை சீக்கிரமே வந்தது. 1975 ஜூன் 12இல் இந்திரா காந்தியின் தேர்தல் செல்லாது என்று அலகாபாத் உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. உச்ச நீதிமன்றத்துக்கு அப்போது விடுமுறை. விடுமுறைக் கால நீதிபதியான கிருஷ்ணய்யரிடம் மேல்முறையீடு வந்தது. ஜூன் 24இல் அவர் தந்தது நிபந்தனையுடன் கூடிய தடை. பிரதமராக நீடிக்கலாம், சபையில் பேசலாம். ஆனால் உறுப்பினராக ஓட்டுப் போடவோ சம்பளம் வாங்கவோ கூடாது. முழுத் தடை கேட்டவர்களுக்கும் திருப்தியில்லை, தடையே கூடாதென்றவர்களுக்கும் திருப்தியில்லை. மறுநாள் இரவு நெருக்கடி நிலை வந்தது.

சிறை மந்திரியாகவும் கைதியாகவும் இருந்த அனுபவம் சுனில் பத்ரா வழக்கில் தெரிகிறது. தூக்குத் தண்டனை பெற்று திஹார் சிறையில் இருந்தவர் அவர். அவரைத் தனிமைச் சிறையில் அடைப்பது சட்டப்படி சரியல்ல என்று 1978இல் ஐவர் அமர்வு கூறியது. அதில் கிருஷ்ணய்யரும் ஒருவர். பின்னர், இன்னொரு கைதி சித்திரவதைப்பட்டதாக பத்ரா உள்ளிருந்து கடிதம் எழுதினார். அந்தக் கடிதத்தையே மனுவாக ஏற்றுக்கொண்டது நீதிமன்றம்.

ரத்லாம் ஜங்ஷனை என் போன்ற ரயில்வேக்காரர்கள் நன்கறிவார்கள். அந்த ஊரில் திறந்த சாக்கடையால் அவதிப்பட்டவர்கள் வழக்குப் போட்டனர். பணமில்லை என்றது நகராட்சி. 1980இல் கிருஷ்ணய்யர் அந்தச் சாக்கை ஏற்கவில்லை. குறிப்பிட்ட காலத்துக்குள் வேலையை முடிக்க உத்தரவிட்டார். மந்திரியாக ஆபீஸ் கோப்புகளைப் பார்த்தவருக்கு, எது உண்மையான கஷ்டம், எது தட்டிக்கழிப்பு என்று தெரியாதா?

அவருடைய தீர்ப்புகளின் ஆங்கிலம் கடினம் என்று குறை சொல்வோர் உண்டு. 1980இல் ஓய்வு பெற்று, 1987இல் ஜனாதிபதி தேர்தலில் நின்று ஆர். வெங்கட்ராமனிடம் தோற்றார். 2014 டிசம்பர் 4இல் கொச்சியில் காலமானார்.

பையனிடம் கடைசியாக இப்படிச் சொன்னேன். தண்டவாளம் போட்டவனையே பிறகு இன்ஸ்பெக்‌ஷனுக்கு அனுப்பினால், எந்த இடத்தில் ஸ்லீப்பர் தளரும் என்று அவனுக்குத் தெரியும். தான் போட்ட பாதை என்று கண்ணை மூடிக்கொண்டால் ஆபத்து. திறந்து வைத்தால் எல்லோருக்கும் நல்லது. கிருஷ்ணய்யர் திறந்து வைத்திருந்தார்.