எல்லைக் கல்லிலிருந்து 30 மீட்டர்
நிலமும் சட்டமும் - 17

மனை விளம்பரங்களில் ‘ரயில் நிலையத்துக்கு நடந்தே போகலாம்’ என்று போடுவார்கள். வீடு கட்ட ரயில்வே அலுவலகத்துக்கும் நடையாய் நடக்க வேண்டியிருக்கும் என்பதை மட்டும் போடமாட்டார்கள்.

பத்திரம் பதிந்து, பட்டா மாற்றி, வரைபடத்தோடு நகராட்சிக்குப் போகும்போதுதான் விஷயம் தெரியவரும். “ரயில்வே என்.ஓ.சி. எங்கே சார்?” என்பார்கள். 2019-ஆம் ஆண்டின் தமிழ்நாடு ஒருங்கிணைந்த வளர்ச்சி மற்றும் கட்டட விதிகளின்படி, ரயில்வே எல்லையிலிருந்து 30 மீட்டருக்குள் கட்டுவதாக இருந்தால் ரயில்வேயின் தடையில்லாச் சான்று வேண்டும். பலர் தவறுவது இங்கேதான். 30 மீட்டரைத் தண்டவாளத்திலிருந்து அளக்கக் கூடாது. ரயில்வே நிலத்தின் எல்லையிலிருந்து அளக்க வேண்டும். யார்டும் குட்ஷெட்டும் இருக்கும் ஊர்களில் தண்டவாளம் கண்ணுக்கு எட்டாத தூரத்தில் இருக்கும். எல்லைக் கல்லோ உங்கள் வேலியோரம் நிற்கும்.

“என் பட்டா நிலத்தில் நான் கட்ட ரயில்வேயை ஏன் கேட்க வேண்டும்?” இதைக் கேட்காத மனைக்காரர் இல்லை. நியாயமான கேள்விதான். 1989-ஆம் ஆண்டு ரயில்வே சட்டத்தில் இந்த 30 மீட்டர் கிடையாது. அதன் 14-ஆவது பிரிவு, தண்டவாளத்தின் மேல் விழக்கூடிய அல்லது சிக்னலை மறைக்கும் மரம், கம்பம், கட்டுமானம் ஆகியவற்றின் மீது நடவடிக்கை எடுக்க அதிகாரம் தருகிறது. அந்தப் பிரிவு ஆபத்தைத்தான் பார்க்கிறது, தூரத்தை அல்ல. ரயில்வே தரப்பு காட்டும் 30 மீட்டர், அதன் பணிக் கையேட்டில் உள்ளது. கையேடு என்பது துறை தன் அதிகாரிகளுக்குத் தந்த அறிவுரை. அதை மட்டும் காட்டி ஒருவரின் சொத்துரிமையில் கை வைக்க முடியாது. சட்டத்தின் அதிகாரமின்றி யாருடைய சொத்தையும் பறிக்கலாகாது என்கிறது அரசியலமைப்பின் 300-ஏ பிரிவு. ராணுவ இடங்களைச் சுற்றிக் கட்டத் தடை போடுவதற்கே 1903-இல் தனிச் சட்டம் வந்தது. அதில் இழப்பீடும் உண்டு.

அப்படியானால் என்.ஓ.சி. கேட்பதே தவறா? இல்லை. மாநிலக் கட்டட விதிகள் சட்டத்தின் கீழ் பிறந்தவை. அவை கேட்கச் சொன்னால் கேட்டே ஆக வேண்டும். ரயில்வேக்கும் கவலைகள் உண்டு. அஸ்திவாரம் தோண்டினால் கரை சரியலாம், மழைநீர் பாதையை நோக்கித் திரும்பலாம், லெவல் கிராசிங்கில் பார்வை மறையலாம். ஆனால் கேட்பது வேறு, மறுப்பது வேறு. மறுத்தால் இந்த மனையில், இந்தக் கட்டடத்தால் என்ன கேடு என்று காரணம் சொல்ல வேண்டும். ‘30 மீட்டருக்குள் இருக்கிறது’ என்பது காரணம் ஆகாது. அந்தத் தூரத்துக்குள் இருப்பதால்தானே விண்ணப்பமே போட்டீர்கள்! காரணமில்லாத மறுப்பையும் பதிலே வராத மௌனத்தையும் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுவாகக் கொண்டுபோகலாம்.

எல்லையே தகராறானால் கதை வேறு. ரயில்வேயிடம் ஒரு நில வரைபடம், வருவாய்த் துறையிடம் ஒரு புலப்படம். இரண்டும் ஒத்துப்போகாத இடத்தில் கூட்டு அளவைதான் வழி. கட்டிய பிறகு சுவர் ரயில்வே நிலத்தில் நிற்பது தெரிந்தால், 1971-ஆம் ஆண்டின் பொது வளாகங்கள் சட்டப்படி எஸ்டேட் அதிகாரியின் நோட்டீஸ் வரும். அவர் உத்தரவுக்கு மேல் மாவட்ட நீதிபதியிடம் முறையிடலாம். ‘பன்னிரண்டு வருஷமாக அனுபவிக்கிறேன்’ என்ற வாதம் அங்கே எடுபடாது. அரசு நிலத்துக்குக் கெடு 30 ஆண்டு.

எனவே அட்வான்ஸ் கொடுக்கும் முன் நில அளவையரோடு போய் எல்லைக் கல்லைத் தேடுங்கள், டேப்பைப் பிடியுங்கள். விண்ணப்பத்தைக் கோட்ட அலுவலகத்தில் கொடுத்ததற்கு ஒப்புகைச் சீட்டு வாங்குங்கள். நாளை வழக்கு என்று வந்தால், உங்கள் வக்கீல் முதலில் கேட்கும் காகிதம் அதுதான்.

(தொடரும்)